அறுபத்து மூவர் அன்னிக்கு மட்டும்தான் மாட வீதி நம்மளுதா?

குளக்கரை கேட்டது:

வணக்கம் மக்களே, கொஞ்சம் நீளமா போகும், பொறுத்துக்கோங்க.

நாங்க மயிலாப்பூர், கபாலி கோயில் குளத்துலேர்ந்து நாலு தெரு தள்ளி வீடு. எங்கம்மாவுக்கு 74 வயசு. நாப்பது வருஷமா தெனம் சாயங்காலம் நடந்தே கோயிலுக்குப் போய்ட்டு, தெற்கு மாட வீதில கீரையும் வெண்டைக்காயும் பேரம் பேசி வாங்கிட்டு, குளத்துப் பக்கம் யாரையாவது புடிச்சு நிறுத்தி அஞ்சு நிமிஷம் ஊர்வம்பு பேசிட்டு வர்றதுதான் அவங்க ஒலகமே. போன மாசம் ஒரு பைக், அதுவும் ரோட்ல இல்ல, பிளாட்பாரத்து மேல ஏறி வந்த பைக், அவங்க கைல இருந்த காய்கறிப் பையை உரசி இழுத்துட்டுப் போயிருச்சு. விழுந்து மணிக்கட்டுல மாவுக்கட்டு. ஓட்டிட்டு வந்த பையன் நின்னு "சாரி பாட்டி, ரோட்ல எடமே இல்ல"ன்னான். அவனை என்ன திட்டறது, நெசமாவே ரோட்ல எடம் இல்லதான், ரெண்டு பக்கமும் கார் நிக்குது.

இப்போ அம்மா "ஆட்டோ புடிச்சுக் குடு, இல்லேன்னா வீட்லயே இருக்கேன்"ங்கறாங்க. நாலு தெருவுக்கு ஆட்டோ! அந்த ஆட்டோவும் போய் அந்த நெரிசல்ல இன்னொரு வண்டியாத்தானே நிக்கப்போகுது.

ஆனா பங்குனித் திருவிழால, அறுபத்து மூணு நாயன்மாரும் ஊர்வலமா வர்ற அறுபத்து மூவர் அன்னிக்கு இதே அம்மா மாட வீதி நடுவுல ராணி மாதிரி நடந்தாங்க. வண்டி கெடையாது, எங்க பாத்தாலும் நீர்மோர் பந்தல், பானகம், விசிறி, தோள்ல கொழந்தைங்க. கூட்டம் அப்படி நெரியுது, ஆனா பயம் இல்ல. அன்னிக்கு போலீஸ் வண்டியெல்லாம் திருப்பி விடுது, ஊர் ஒண்ணும் அழிஞ்சு போகல.

அதனால கேள்வி இதுதான். ஞாயித்துக்கெழமை மட்டும், காலைல 6 லேர்ந்து மதியம் 12 வரைக்கும், நாலு மாட வீதியும் வண்டி இல்லாம பண்ண முடியுமா? யார்கிட்ட போகணும்? வேற எங்கயாவது உருப்படியா நடந்திருக்கா, இல்ல ரெண்டு வாரம் ஜூம்பா ஆடி செல்ஃபி எடுத்துட்டுக் கலைஞ்சு போற கேஸா?

நடராஜா சர்வீஸ் எழுதினது:

அம்மாவுக்கு சீக்கிரம் சரியாகட்டும் மேடம்.

நான் மாம்பலம். பாண்டி பஜார் கதையைக் கண்ணால பாத்தவன், அதனால சொல்றேன். 2019 நவம்பர்ல அந்த பஜார் இருக்கற தியாகராய ரோட்டைப் புதுப்பிச்சுத் திறந்தாங்க, ஸ்மார்ட் சிட்டி காசு, கிட்டத்தட்ட 40 கோடி. மொதல்ல நடக்கறவங்களுக்கு மட்டும்னு பேச்சு அடிபட்டுச்சு, சோதனையா சில நாள் வண்டியை நிறுத்தியும் பாத்தாங்க, கடைசில வண்டியும் போகும் பிளாட்பாரமும் பெருசா இருக்கும்னு முடிஞ்சுது. அதையே நான் கொறை சொல்ல மாட்டேன். தீபாவளிக்கு முன்னாடி அந்த ரோட்ல சைடு வாங்கி சைடு வாங்கி நடந்தவனுக்குத்தான் தெரியும், ரெண்டு குடும்பம் எதிரெதிரா வந்தாலும் இடிச்சுக்காம போற அகலம்னா என்னன்னு. பெஞ்ச் போட்டாங்க பாருங்க, அதான் பெரிய விஷயம். துணி எடுக்கப் போன எடத்துல காசு குடுக்காம உக்கார ஒரு எடம் அதுக்கு முன்னாடி இருந்ததா?

ஆனா கத்துக்கிட்ட பாடம் வேற. கல்லு பதிக்கறது ஈஸி, பார்க்கிங்கைக் கட்டுப்படுத்தறதுதான் கஷ்டம். தணிகாசலம் ரோட்டுகிட்ட மாடி மாடியா பார்க்கிங் கட்டி வச்சும், அங்க போய் நிறுத்தி நடந்து வர்றதுக்கு சோம்பேறித்தனப்பட்டு பக்கத்து சந்துல சொருகறவங்கதான் ஜாஸ்தி. அந்த சந்துல குடியிருக்கறவங்க சாபம் விடறாங்க. நீங்க மாட வீதியை மூடினா அந்தக் காரெல்லாம் உங்க தெருவுக்குத்தான் வரும், மொதல்ல அதை யோசிங்க.

இன்னொண்ணு, சம்பந்தம் இருக்கோ இல்லையோ சொல்லிடறேன். 2023ல மாம்பலம் ஸ்டேஷன்லேர்ந்து பஸ் ஸ்டாண்ட் வரைக்கும் ஆகாய நடைபாதை திறந்தாங்க, அரை கிலோமீட்டருக்கு மேல நீளம். ரயில்லேர்ந்து எறங்கி பஸ் புடிக்கறவனுக்கு உபயோகம்தான், நானும் போறேன். ஆனா தரைல நடக்க வேண்டியவனைத் தூக்கி மேல அனுப்பிட்டு தரையை வண்டிக்கு எழுதிக் குடுக்கறது என்ன நியாயம்னு ஒவ்வொரு தடவை படி ஏறும்போதும் தோணும். முட்டி வலிக்கற அன்னிக்கு ரொம்பவே தோணும். (லிஃப்ட், எஸ்கலேட்டர் எல்லாம் இருக்கு, சண்டைக்கு வராதீங்க.)

அண்டா குண்டா எழுதினது:

அம்மாவுக்கு நடந்தது தப்பு, அதுல ரெண்டு கருத்து இல்ல. ஆனா எங்க கஷ்டத்தையும் கேளுங்க.

வடக்கு மாட வீதில பாத்திரக்கடை, அப்பா காலத்துலேர்ந்து. எங்ககிட்ட வர்றவங்க என்ன ஊதுபத்தியா வாங்கறாங்க, கைல புடிச்சுட்டு நடந்து போறதுக்கு? சீர் சாமான், பித்தளைக் குத்துவிளக்கு, எவர்சில்வர் அண்டா. முகூர்த்த மாசத்துல ஞாயித்துக்கெழமை காலைலதான் குடும்பத்தோட வந்து எடுப்பாங்க. கார் கடை வாசல்ல வரலேன்னா அவங்க வேற ஏரியாவுக்குப் போய்டுவாங்க. ஏற்கனவே மெட்ரோ வேலைக்குன்னு லஸ் பக்கம், கச்சேரி ரோடு பக்கம் திருப்பி விட்டு திருப்பி விட்டு, வர்ற ஆளுங்களே "ஐயோ மயிலாப்பூரா"ன்னு ஓடறாங்க. இதுல நீங்க வேற மூடணும்ங்கறீங்க.

அறுபத்து மூவர் ஒரு நாள் கூத்து மேடம். அன்னிக்கு எனக்கு யாவாரமே கெடையாது, நானும் பந்தல் போட்டு மோர் குடுக்கறேன், அது புண்ணியக் கணக்கு. வாரா வாரம் புண்ணியக் கணக்கு பாத்தா கரண்ட் பில் எவன் கட்டறது? அதோட இன்னிக்கு ஞாயிறு காலைம்பாங்க, நாளைக்கு முழு நாளும்பாங்க, அப்புறம் தெனமும்பாங்க.

வைகைக்கரை எழுதினது:

என்னண்ணே இப்படிப் பயப்படுறீங்க. எங்க மதுரைல மீனாட்சியம்மன் கோயிலைச் சுத்தி நாலு சித்திரை வீதிக்குள்ளயும் வண்டியை விட மாட்டாங்க. பாதுகாப்புக்குன்னுதான் கெடுபிடி, சனங்க சொகமா நடக்கட்டும்னு யாரும் யோசிச்சுப் பண்ணலை. ஆனா சாயங்காலம் வந்து பாருங்க, கல்லுல உக்காந்து சுண்டல் தின்னுக்கிட்டு கோபுரத்தைப் பாத்துக்கிட்டு எத்தனை குடும்பம் இருக்குன்னு. புள்ளைக அங்கிட்டும் இங்கிட்டும் ஓடும், கையப் புடிச்சு இழுக்க வேண்டியதில்ல. கடைகளும் இருக்கத்தான் செய்யுது. அதே கையோட ஒரு தெரு தள்ளி ஆவணி மூல வீதிக்கு வந்தீங்கன்னா ஹாரன் சத்தத்துல காது கிழிஞ்சிரும், அதையும் சொல்லிப்புடுறேன், அங்க அடைச்ச வண்டியெல்லாம் இங்கதான கெடக்கு.

சிதம்பரத்துல ஈஸ்ட் கார் ஸ்ட்ரீட்னு போர்டு பாத்திருக்கீங்களா? தேர் ஓடுற வீதின்னுதான் வெள்ளைக்காரன் அப்படி எழுதி வச்சான், நம்மாளு நெசமாவே கார் நிறுத்துற வீதின்னு எடுத்துக்கிட்டான் போல.

தண்ணிக்குக் கீழ ஊரு எழுதினது:

நான் நெதர்லாந்துல டெல்ஃப்ட் பக்கம் இருக்கேன், பன்னண்டு வருஷமாச்சு. "அது சைக்கிள் ஊருப்பா, நம்மூருக்கு ஒத்து வராது"ன்னு யாராவது சொல்றதுக்கு முன்னாடி நானே சொல்லிடறேன், இது பொறக்கும்போதே சைக்கிள் ஊரு இல்ல. அறுபதுகள்ல இங்கயும் கார் மோகம்தான். ஆம்ஸ்டர்டாம்ல பழைய வீதி சதுக்கம் எல்லாம் பார்க்கிங். 1971ல மட்டும் இந்தக் குட்டி நாட்டுல 3,000 பேருக்கு மேல ரோட்ல செத்தாங்க, அதுல 400க்கு மேல குழந்தைங்க. ஸ்கூலுக்கு சைக்கிள்ல போன தன் பொண்ணைப் பறிகொடுத்த ஒரு பத்திரிகைக்காரர் "குழந்தைக் கொலையை நிறுத்து"ன்னு தலைப்பு போட்டு எழுதினார், அந்தத் தலைப்பே ஒரு இயக்கத்தோட பேராச்சு. அப்பா அம்மாங்க போய் ரோட்ல உக்காந்தாங்க. ஆம்ஸ்டர்டாம்ல டி பைப்னு ஒரு நெருக்கமான ஏரியா, அங்க சின்னப் பசங்களே தெருவை அடைச்சு விளையாட எடம் கேட்டாங்க. 1973 நவம்பர்ல எண்ணெய் நெருக்கடி வந்து, ஞாயித்துக்கெழமை கார் ஓட்டக் கூடாதுன்னு அரசாங்கமே சொல்லிருச்சு, ஜனங்க ஹைவேல ஸ்கேட்டிங் போனாங்க, குதிரை வண்டி ஓட்டினாங்க. அந்த சில ஞாயித்துக்கெழமைங்கதான் பல பேருக்கு "அட, இவ்ளோ எடமா நம்ம ஊர்ல இருக்கு"ன்னு காட்டுச்சு. உங்க அம்மாவுக்கு அறுபத்து மூவர் காட்டின மாதிரி.

நான் இருக்கற டெல்ஃப்ட்லதான் "வோனெர்ஃப்"னு ஒரு விஷயம் ஆரம்பிச்சுது. கிட்டத்தட்ட வாசல் முற்றம்னு வச்சுக்கலாம். பிளாட்பாரம் ரோடுன்னு பிரிவே இல்ல, எல்லாம் ஒரே மட்டம், நடுவுல மரம், திருப்பம், கார் வரலாம் ஆனா மனுஷன் நடக்கற வேகத்துலதான் ஊர்ந்து வரணும். 1976ல சட்டமாவே ஆக்கிட்டாங்க. மொத தடவை பாக்கும்போது எனக்கு சிரிப்புதான் வந்துச்சு, எங்க பாட்டி தெருவுல வாசல் தெளிச்சு கோலம் போட்டு, அதுமேல சைக்கிள் ஏத்தினவனை வெளக்குமாத்தோட தொரத்துவாங்க, அதைத்தான் இவங்க இன்ஜினியர் வச்சு வரைஞ்சிருக்காங்க.

அண்டா குண்டா அண்ணனுக்கு ஒண்ணு. இங்கிலாந்துல பிரிஸ்டல்னு ஒரு ஊர், அங்க ஒரு கடைத்தெருவுல கடைக்காரங்ககிட்ட கேட்டாங்க, உங்க வாடிக்கைல எத்தனை பேர் கார்ல வர்றாங்கன்னு. 41 சதவீதம்னாங்க. வந்தவங்களை நேரா கேட்டா 22 தான். கார்ல வந்தவன் வாசல்ல நிறுத்தி ஹாரன் அடிக்கறதால கண்ணுல படறான், நடந்து வந்தவன் கூட்டத்தோட கூட்டம்.

அண்டா குண்டா எழுதினது:

பிரிஸ்டல்காரன் அண்டா வாங்கல தம்பி.

பீச் ரோடு எழுதினது:

பாண்டிச்சேரிக்காரன் வந்துட்டேன். எங்க பீச் ரோட்டுல தெனமும் சாயங்காலம் 6 மணிக்கு பாரிகேட் போட்ருவாங்க, மறுநாள் காலைல ஏழரை வரைக்கும் வண்டி கெடையாது. வருஷக்கணக்கா ஓடுது. எவனும் ஜூம்பா ஆடலை, பெரிய ஃபண்டு இல்ல, டிசைன் இல்ல, ஒரு இரும்புத் தடுப்பும் ரெண்டு போலீஸும்தான். காலைல அஞ்சு மணிக்கு வந்தா ரிட்டயர் ஆனவங்க வாக்கிங், ராத்திரி பத்து மணிக்கு வந்தா காந்தி சிலைகிட்ட ஐஸ்கிரீம் தின்னுட்டு மொத்த ஊரும் உக்காந்திருக்கும்.

ஏன் நிலைச்சுதுன்னா, என் கணக்கு, தெனமும் அதே நேரம். யாருக்கும் சந்தேகமே இல்ல, ஆறு மணின்னா மூடிருவாங்க, அவ்ளோதான். "மாசத்துல ரெண்டாவது ஞாயிறு, முகூர்த்தம் இருந்தா இல்ல"ன்னு ஆரம்பிச்சீங்கன்னா வண்டிக்காரனும் கொழம்புவான், தடுப்பு போடற போலீஸும் கொழம்புவார், ஆறு மாசத்துல தானா செத்துரும்.

கெட்டதும் சொல்லணும்ல. சனி ஞாயிறுல வெளியூர் கார் எல்லாம் உள் தெருக்கள்ல வந்து அடைச்சு நிக்கும், எங்க சித்தி வீட்டு கேட்டைத் தெறக்க முடியாம ஒரு தடவை கல்யாணத்துக்கே லேட்டா போனாங்க. நடராஜா சார் சொன்ன அதே கதைதான்.

ஸ்டியரிங் எழுதினது:

எல்லாரும் நடக்கறவங்களாவே பேசறீங்க. எங்கப்பாவுக்கு பக்கவாதம் வந்து ஒரு பக்கம் வராது. கோயில் வாசல் வரைக்கும் கார் போனாதான் சாமி பாக்க முடியும். அவருக்கு உங்க ஞாயித்துக்கெழமைல எடம் இருக்கா இல்லையா?

குளக்கரை எழுதினது:

ஸ்டியரிங் சார், கண்டிப்பா இருக்கணும். நீங்க கேட்டது என் மண்டைல ஏறாம போனது எனக்கே வெக்கமா இருக்கு. பெரிய கோயில்கள்ல பேட்டரி கார் ஓடுதே, அந்த மாதிரி ரெண்டு வண்டி மாட வீதி முனைலேர்ந்து சுத்தி வந்தா உங்கப்பாவும் போலாம், எங்கம்மாவும் போலாம். நெசமா சொல்லுங்க, இப்போ ஞாயித்துக்கெழமை கோயில் வாசல்ல கார் நிறுத்த எடம் கெடைக்குதா உங்களுக்கு?

ஸ்டியரிங் எழுதினது:

கெடைக்காது. டிரைவர் ரவுண்டு அடிச்சிட்டே இருப்பார், நான் அப்பாவைத் தாங்கிப் புடிச்சுட்டு நிப்பேன். பேட்டரி கார் நேரத்துக்கு வரும்னா நான் மொத கையெழுத்து போடறேன். வரும்னாத்தான்.

நடராஜா சர்வீஸ் எழுதினது:

யார்கிட்ட போகணும்னு கேட்டீங்களே, அதுக்கு வரேன். ரெண்டு கதவு தட்டணும். ரோடு மாநகராட்சியோடது, வண்டியைத் திருப்பறது போக்குவரத்து போலீஸ். மயிலாப்பூர் தேனாம்பேட்டை மண்டலம், ஒன்பதாவது மண்டலம். மொதல்ல வார்டு கவுன்சிலரைப் பாருங்க, ஏரியா சபை, அதாவது வார்டு மக்கள் கூட்டம், வரும்போது தனி ஆளா போகாம பத்து பேரா போய் மனு குடுத்து, கூட்டக் குறிப்புல ஏத்துங்கன்னு நின்னு எழுத வைங்க. வாயால சொன்னது காத்தோட போயிரும்.

கைல ஒரு ஆயுதம் இருக்கு. 2014லயே சென்னை மாநகராட்சி மோட்டார் இல்லா போக்குவரத்துக் கொள்கைன்னு ஒண்ணு போட்டிருக்கு, போக்குவரத்துக்கு ஒதுக்கற காசுல 60 சதவீதம் நடக்கறவங்களுக்கும் சைக்கிளுக்கும்னு. "புதுசா எதுவும் கேக்கலைங்க, நீங்க சொன்னதைத்தான் கேக்கறோம்"னு பேச்சை ஆரம்பிங்க, எதிர்ல இருக்கறவர் நிமிர்ந்து உக்காருவார்.

அதை விட முக்கியம், மேடம் நீங்களே சொல்லிட்டீங்க, கவனிச்சீங்களான்னு தெரியல. அறுபத்து மூவருக்கு எந்தெந்த முனைல தடுப்பு, பஸ்ஸை எப்படித் திருப்பறது, ஆம்புலன்ஸ் எந்தப் பக்கம், எல்லாம் போலீஸ் வருஷா வருஷம் போடறாங்க. அந்த மேப் ஏற்கனவே ரெடி. வழக்கமா இந்த மாதிரி மனு குடுத்தா "டிராபிக் ஸ்டடி பண்ணணும்"னு ரெண்டு வருஷம் இழுப்பாங்க. மயிலாப்பூருக்கு அந்த சாக்கு செல்லாது. அதுலயும் நாலு வீதியும் ஒரேயடியா கேக்காதீங்க, ஒரு வீதி கேளுங்க. ஒண்ணு நல்லா நடந்தா மிச்ச மூணு வீதிக்காரனும் தானா கேப்பான்.

அண்ணன் "நாளைக்கு தெனமும்பாங்க"ன்னு பயந்தாரே, கொலம்பியால பொகோட்டான்னு ஒரு ஊர், எழுபதுகள்லேர்ந்து ஞாயித்துக்கெழமையும் லீவு நாளும் காலைல 7 லேர்ந்து மதியம் 2 வரைக்கும் நூறு கிலோமீட்டருக்கு மேல ரோட்டை சைக்கிளுக்கும் நடைக்கும் விடறாங்க. இத்தனை வருஷத்துல ரோடு நீளம் கூடியிருக்கு, ஆனா ரெண்டு மணிக்கு மேல இன்னமும் கார்தான் ஓடுது.

வைகைக்கரை எழுதினது:

ஓட்டு எடுத்துப் பாத்தா என்ன? பாரிஸ்ல 2025 மார்ச்ல எடுத்தாகளே, இன்னும் 500 தெருவை நடக்குறதுக்கு விடலாமான்னு. மூணுல ரெண்டு பங்கு பேரு ஆமான்னுட்டாக.

தண்ணிக்குக் கீழ ஊரு எழுதினது:

ஆமா, ஆனா ஓட்டுப் போட வந்தது நூத்துக்கு நாலு பேர்தான், அதையும் சேத்து சொல்லுங்க தோழர். இந்த விஷயத்துல வேணாம்ங்கறவனும் வேணும்ங்கறவனும் கொஞ்சம் பேர்தான், மிச்ச பேர் நடந்த அப்புறம்தான் பேசுவாங்க.

அண்டா குண்டா எழுதினது:

நாலு நாளா இந்தப் பக்கம் வரல. காரணம் சொல்றேன்.

பிரிஸ்டல் தம்பி சொன்னது மண்டைல குடைஞ்சுட்டே இருந்துச்சு. ஞாயித்துக்கெழமை கல்லாவுல ஒரு நோட்டு வச்சுக்கிட்டேன். பில் போடும்போது எப்படி வந்தீங்கன்னு கேட்டு ஒரு கோடு. சாயங்காலம் பாத்தா கார்ல வந்தவங்க ரெண்டு கை வெரலுக்குள்ள அடங்கிட்டாங்க. மத்ததெல்லாம் நடை, பைக், ஆட்டோ, பஸ். நான் பாதிக்குப் பாதி கார்னு சத்தியம் பண்ணியிருப்பேன்.

ஆனா, இருங்க, ஜெயிச்சுட்டோம்னு குதிக்காதீங்க. பெரிய பில் மூணும் அந்தக் கார்காரங்கதான் போட்டாங்க. நடந்து வந்தவங்க டம்ளர், ஜல்லிக்கரண்டி, இட்லித் தட்டு. அதனால நான் சொன்னதும் பொய் இல்ல.

இன்னொரு கூத்து. கடை வாசல்ல காலைலேர்ந்து ராத்திரி வரைக்கும் நிக்கற வண்டிங்க யாருதுன்னு பாத்தேன். ஒண்ணு என்னுது, ரெண்டு பைக் எங்க கடைப் பசங்களது, ஒரு கார் பக்கத்துக் கடை மொதலாளியோடது. வாடிக்கைக்காரன் நிறுத்த எடமில்லன்னு கத்தறோம், எடத்தை அடைச்சு வச்சிருக்கறது நாங்கதான். பக்கத்துக் கடைக்காரர்கிட்ட சொன்னா மொறைக்கறார்.

குளக்கரை எழுதினது:

அண்ணே, நீங்க பண்ண இந்தக் கணக்கை நான் மனுவோட சேத்துக்கலாமா? கடை பேர் போட மாட்டேன்.

பெரிய பில்லுக்கு ஒரு யோசனை: அன்னிக்கு அண்டா குத்துவிளக்கு எடுக்கறவங்களுக்கு கடைலேர்ந்து வீதி முனை வரைக்கும் ஒரு மீன்பாடி வண்டில (மூணு சக்கர சரக்கு வண்டி) ஏத்திக் குடுத்தா? முன்னெல்லாம் சீர் சாமான் அப்படித்தானே ஊர் பாக்கப் போகும்.

அண்டா குண்டா எழுதினது:

கணக்கை சேத்துக்கோங்க. மீன்பாடி வண்டி காசு யார் தர்றதுன்னு அப்புறம் சண்டை போடலாம்.

என் கண்டிஷன் மூணு. ஆவணி, தை, வைகாசி முகூர்த்த ஞாயிறுல வேணாம், பாண்டி தம்பி கொழம்பும்னு சொல்றார், தெரியும், இருந்தாலும் மொத வருஷம் எனக்கு அது வேணும். ரெண்டு, சரக்கு லாரி காலைல ஆறுக்கு முன்னாடி வந்து எறக்கிட்டுப் போக விடணும். மூணு, நவராத்திரி சமயத்துல பொம்மைக் கடை போடறவங்க எங்க வீதிலதான் உக்காருவாங்க, அவங்களையும் கூப்பிட்டுக் கேக்கணும், எங்களுக்காவது ஷட்டர் இருக்கு, அவங்களுக்குத் தார்ப்பாய்தான்.

மார்கழில வச்சுக்கோங்களேன். கல்யாணம் கெடையாது, எனக்கு யாவாரமும் கம்மி, காலைல கோலம் போட எல்லாரும் எப்படியும் வாசல்ல நிப்பாங்க. மொத ஞாயிறு நான் கடை வாசல்லேர்ந்து என் வண்டியை எடுத்துடறேன். பக்கத்துக் கடைக்காரரை நீங்க வந்து பேசுங்க, உங்கம்மாவைக் கூட்டிட்டு வாங்க, கட்டு பிரிக்கறதுக்குள்ள வந்தா நல்லது.